கைவிளையாட்டுக் கேசட்டுகளில் பாடபேதம்

ஏட்டுச் சுவடிகளை ஒப்பிட்டுப் பாடபேதம் காண்பது தமிழாசிரியர்களுக்குப் புதியதன்று. உ. வே. சாமிநாதையர் 1887இல் சீவக சிந்தாமணியை அச்சிடுவதற்கு முன்னர்ப் பல ஊர்ச் சுவடிகளைத் தேடித் தொகுத்து, ஒன்றன் பக்கத்தில் ஒன்றை வைத்து எழுத்தெழுத்தாக நோக்கினார் என்பதை நாம் வகுப்பில் சொல்லாத ஆண்டில்லை. அந்தப் பழக்கம் ஏறிய கண்ணுக்குச் சுவடி அல்லாதனவும் சில வேளைகளில் சுவடியாகத் தோன்றும். சென்ற ஆண்டு செமினியில் எனக்கு அவ்வாறு நேர்ந்தது.

ரப்பர்த் தோட்டங்கள் சூழ இருந்த செமினி இப்பொழுது தாமான்கள் நிறைந்த ஊர். அங்கே நண்பர் ஒருவரின் இல்லத்தில், அவர் மகன் சிறுவனாக இருந்தபோது வைத்து விளையாடிய பொருள்கள் ஒரு மேசையின் இழுப்பறையில் கிடந்தன. அவற்றுள் ‘கேம் பாய்’ என்னும் கைவிளையாட்டுப் பொறி ஒன்றும், அதில் செருகும் மூன்று கேசட்டுகளும் இருந்தன. கேசட் என்றவுடன் இசை நாடாவை நினைத்தல் வேண்டா. தீப்பெட்டியினும் சற்றே பெரிய ஞெகிழிக் கூட்டுக்குள் நினைவுச் சில்லு பதித்த பொருள் இது. கடைக்காரரும் சிறுவரும் கேசட் என்றே வழங்குவதால் நாமும் அப்படியே வழங்குவோம். மூன்றும் ஒரே விளையாட்டு, ‘போக்கிமோன்’. ஒன்று ஜப்பானில் விற்றது; கோலாலம்பூர்க் கடையொன்றில் வாங்கியது. மற்றொன்று ஆங்கிலம். மூன்றாவது ஜெர்மன், வெளிநாட்டில் பணியாற்றிய சிற்றப்பா கொணர்ந்தது. மூன்றையும் மாற்றி மாற்றிச் செருகிப் பார்த்தபோது, ஒரு நூலின் மூன்று பிரதிகளைப் பார்க்கின்றோம் என்ற எண்ணமே எனக்கு முதலில் எழுந்தது. தமிழ்ப் பிரதி ஏன் இல்லை என்ற கேள்வி அதற்கு அடுத்தது. இக்கட்டுரை அந்த இரண்டாவது கேள்விக்கு விடை தேட முயல்வது.

முதலில் பொறியைப் பற்றிச் சில செய்திகள். ஜப்பானிய நிறுவனமாகிய நின்டெண்டோ, கும்பே யோக்கோய் என்பாரின் குழு உருவாக்கிய கேம் பாயை 1989 ஏப்ரல் 21ஆம் நாள் ஜப்பானில் வெளியிட்டது. அவ்வாண்டு ஜூலையில் அமெரிக்காவுக்கும், 1990இல் ஐரோப்பாவுக்கும் அது சென்றது. பின்னர் வந்த வண்ணப் பொறியையும் சேர்த்துப் பதினோரு கோடிக்கு மேல் விற்றது. திரை குறுக்கே 160 புள்ளி, நெடுக்கே 144 புள்ளி. நிறம் நான்கே சாயல். இவ்வளவு எளிய பொறிக்கு ஒரு பெருந்தன்மை இருந்தது. எந்த நாட்டில் வாங்கிய கேசட்டையும் எந்த நாட்டில் வாங்கிய பொறியிலும் செருகி ஆடலாம். வீட்டுத் தொலைக்காட்சியோடு இணைக்கும் விளையாட்டுப் பொறிகளில் நாட்டுக்கு நாடு பூட்டுப் போட்டிருந்த காலம் அது.

பூட்டு இல்லையெனினும் முத்திரை உண்டு. ஒவ்வொரு கேசட்டின் தொடக்கத்திலும் நூலின் முகப்புப் பக்கம் போன்ற ஒரு பகுதி இருக்கிறது. சுழியிலிருந்து எண்ணினால், 260ஆம் பைட் முதல் 48 பைட்டுகளில் நின்டெண்டோவின் பெயர்ப் படம் வரையப்பட்டிருக்கும். பொறியை முடுக்கியவுடன் அது தன்னிடமுள்ள படத்தோடு இதனை ஒப்பிடும். ஒரு புள்ளி மாறினாலும் அங்கேயே நின்றுவிடும். அதன்பின் 330ஆம் பைட். ஜப்பானில் விற்பதாயின் அங்கே சுழி. பிற நாடுகளுக்காயின் ஒன்று. உலகம் முழுவதையும் உள்நாடு, வெளிநாடு என இரண்டாகவே பகுத்த பகுப்பு இது! 332ஆம் பைட்டில் எத்தனையாவது திருத்தப் பதிப்பு என்ற எண். இவ்விரண்டையும் பொறி பொருட்படுத்துவதில்லை. உரிமையாளர் பெயரை மட்டும் அது கண்டிப்பாகப் பார்க்கும். எந்த நாட்டுக்கு, எந்த மொழியில் என்பன பற்றி அதற்குக் கவலையில்லை. மொழிகளுக்குக் கதவடைத்தது பொறியன்று என்பதற்கு இஃது ஒரு சான்று.

மேலே ஒட்டிய தாளிலுள்ள குறியீடு இன்னும் விரிவானது. ஜப்பானுக்கு ஜே.பி.என்., அமெரிக்காவுக்கு யு.எஸ்.ஏ., பிரித்தானியாவுக்கு யு.கே.வி., வட ஐரோப்பிய நாடுகளுக்கு எஸ்.சி.என். என்ற எழுத்துகள் வரும். ஜெர்மன் கேசட்டில் என்.ஓ.இ. என்றிருக்கும். ‘ஐரோப்பிய நின்டெண்டோ’ என்பதன் சுருக்கம் அது. அந்த அலுவலகம் ஜெர்மனியில் இருந்ததனால் ஐரோப்பாவின் பெயரே ஜெர்மன் பிரதிக்குரிய பெயராயிற்று. எஸ்.சி.என். என்று குறித்தவற்றுள் பெட்டியும் கையேடும் வட ஐரோப்பிய மொழிகளில் இருக்க, உள்ளே விளையாட்டு ஆங்கிலமாகவே இருப்பது வழக்கம். உறை ஒரு மொழி, நூல் ஒரு மொழி. சேகரிப்போர் இக்குறியீடுகளைக் கொண்டே பிரதிகளை வகைப்படுத்துகின்றனர். சுவடிக்கு ஊர்ப்பெயர் இட்டு வழங்கும் நம் மரபுக்கு இஃது அயலன்று.

இனி அந்த மூன்று பிரதிகளுக்கு வருவோம். போக்கிமோனின் சிவப்பு, பச்சை என்னும் இரு கேசட்டுகள் ஜப்பானில் 1996 பிப்ரவரி 27ஆம் நாள் வந்தன. விலங்கு போன்ற உருவங்களைப் பிடித்து வளர்த்துப் போட்டியிடச் செய்யும் விளையாட்டு அது. ஏறத்தாழ ஒரு கதை நூலளவு உரையாடல் உண்டு. சிவப்பு, நீலம் என்ற பெயரில் ஆங்கிலப் பிரதி 1998 செப்டம்பரில் அமெரிக்காவுக்கு வந்தது. ஜெர்மனும் பிரெஞ்சும் 1999இல் தொடர்ந்தன. இத்தாலியமும் ஸ்பானியமும் சேர ஆறு மொழிகள் ஆயின.

ஜப்பானியப் பிரதி 512 கிலோபைட் அளவினது. ஆங்கிலப் பிரதி அதைப்போல் இரு மடங்கு. ஜப்பானியக் ‘கனா’ எழுத்து நம் உயிர்மெய்யைப் போல ஓர் அசைக்கு ஓரெழுத்தாக நிற்பது. அதே ஒலியை ஆங்கிலத்தில் எழுத இரண்டு மூன்று எழுத்துகள் வேண்டும். ஆகவே பெயர்களுக்கு ஒதுக்கிய இடமும் மாறிற்று. ஜப்பானியத்தில் ஓர் உயிரின் பெயர் ஐந்தெழுத்தைத் தாண்டலாகாது. ஆங்கிலத்தில் பத்து எழுத்து. இந்த ஐந்துக்கும் பத்துக்கும் இடையே பெரிய பிளவு நேர்ந்தது. இரு பொறிகளை வடத்தால் இணைத்து உயிர்களைப் பரிமாறிக்கொள்வதுதான் இவ்விளையாட்டின் உயிர்நாடி. ஆங்கிலப் பிரதியும் ஜெர்மன் பிரதியும் தம்முள் பரிமாறும். ஜப்பானியப் பிரதியோடு இணைத்தாலோ, ஒன்று அனுப்பும் பெயரின் நீளம் மற்றொன்றுக்குப் பொருந்தாமல் சேமித்தவை எல்லாம் சிதையும். கேட்பவர் மொழி தெரியாமல் சொல்பவர் பேசுவது போன்றதன்று இது. கேட்பவரின் ஏட்டையே கிழித்துவிடுவது.

பெயர்களில்தான் பாடபேதம் மிகுதி. வாலில் தீ எரியும் பல்லி ஒன்று உண்டு. ஜப்பானியத்தில் அது ‘ஹிதோகாகே’. தீ என்னும் சொல்லும் பல்லி என்னும் சொல்லும் ஒட்டியது. ஆங்கிலத்தார் அதனை ‘சார்மேண்டர்’ ஆக்கினர். கரிதல் என்னும் சொல்லும் சாலமாண்டர் என்னும் உயிரின் பெயரும் சேர்ந்தது. சரியாகப் பத்து ஆங்கில எழுத்து; விட்ட இடம் ஒன்றுமில்லை. ஜெர்மனில் ‘குளுமாண்டா’, கனலோடு அதே சாலமாண்டர். பிரெஞ்சில் ‘சலமேஷ்’; அங்கே தீக்குப் பதில் விளக்குத் திரி வந்து சேர்ந்தது. நான்கிலும் பொருள் ஒன்று, உத்தி வேறு வேறு. ஒலிபெயர்ப்பைக் கைவிட்டு மொழிபெயர்ப்பை மேற்கொண்டவர்கள் இவர்கள். தமிழில் செய்வதாயின் ‘தழலோணான்’ என்னலாம் என்று அன்று மாலை நண்பரிடம் விளையாட்டாகச் சொன்னேன். எண்ணிப் பார்த்தால் ஐந்தே எழுத்து. ஜப்பானியர் வகுத்த எல்லைக்குள் அடங்கிவிடுகிறது!

விளையாட்டாகச் சொன்னது ஆராய்ச்சியில் இழுத்துச் சென்றது. தமிழ் அந்தச் சிறு கேசட்டுக்குள் அடங்குமா? “நம் எழுத்து 247, கணிப்பொறிக்கு அது பெருஞ்சுமை” என்று சொல்லும் வழக்கம் நம்மிடையே நெடுங்காலம் இருந்தது. கணக்கிட்டுப் பார்ப்போம். ஔ என்பதை ஒகரமும் ளகரமும் கொண்டு எழுதலாமாதலின் உயிருக்கு 11 வடிவம், ஆய்தம் 1, அகர உயிர்மெய் 18, புள்ளி மெய் 18, உகர ஊகார உயிர்மெய் 36, இகர ஈகார உயிர்மெய் 36, கால், ஒற்றைக் கொம்பு, இரட்டைக் கொம்பு, ஐகாரக் குறி ஆக 4. மொத்தம் 124. ஒவ்வொன்றையும் 16 புள்ளி அகலம், 16 புள்ளி உயரமுள்ள கட்டத்தில் தாராளமாக வரைந்தாலும் ஒரு வடிவத்துக்கு 32 பைட் போதும். எல்லாம் சேர்ந்து 3,968 பைட். நான்கு கிலோபைட்டுக்கும் குறைவு. மிகச் சிறிய கேம் பாய்க் கேசட் 32 கிலோபைட் கொண்டது. அதிலேயே எட்டில் ஒரு பங்குக்குள் தமிழெழுத்து முழுதும் அடங்கும். ஆங்கிலப் போக்கிமோன் கேசட்டிலோ 256இல் ஒரு பங்கு கூட ஆகாது.

1978இல் தமிழ்நாட்டு அரசு ஏற்ற எழுத்துச் சீர்திருத்தத்தால் ணா, றா, னா, ணை, னை, லை, ளை முதலிய 13 எழுத்துகளின் பழைய தனி வடிவங்கள் நீங்கின. அவற்றுக்கென வேண்டியிருந்த வடிவங்களும் 1989இல் தேவைப்பட்டிரா. இதற்கும் முன்னரே, யாழ்ப்பாணத்தில் பிறந்து மலாயாவுக்கு வந்து சிங்கப்பூரில் பணியாற்றிய ஆர். முத்தையா, நகரா விசைகளைக் கொண்டு மெய்யின்மீது குறியை ஏற்றித் தமிழ்த் தட்டச்சுப் பொறியைச் செய்து காட்டிவிட்டார். விசைப்பலகையில் தமிழைச் சுருக்க முடியும் என்பதற்கு நம் பக்கத்து ஊரிலேயே சான்று இருந்தது.

இடர் ஒன்றுமே இல்லை என்று சொல்ல வரவில்லை. சொல் நீளம் ஓர் இடர். ‘பேசிக்கொண்டிருந்தார்கள்’ என்ற சொல் எழுத்தால் பன்னிரண்டு. கொம்பும் காலும் தனித்தனியே எண்ணினால் வடிவத்தால் பதினாறு. வடிவம் ஒன்றுக்குச் சராசரி 9 புள்ளி அகலமென்று கொண்டால் 144 புள்ளி. சட்டத்தை நீக்கினால் உரையாடற் பெட்டியின் உள்ளகலமும் ஏறத்தாழ அதுவே. ஒரு வினைமுற்று ஒரு வரியை விழுங்கிவிடும்! ஜெர்மானியரும் தம் நீண்ட தொகைச் சொற்களோடு இதே இடத்தில்தான் மல்லுக்கட்டினர். சுருங்கச் சொல்லும் புலவர் ஒருவர் அமர்ந்தால் தீரக்கூடிய இடர் இது.

மற்றோர் இடர் இலக்கணத்தைச் சார்ந்தது. தமிழாசிரியர்க்கு அதுவே சுவையானது. ஆடுபவர் தம் பெயரை முதலில் எழுதிவிடுவார். பின்னர் வரும் தொடர்களில் பெயருக்கு வெற்றிடம் விட்டு, பொறி அதனை நிரப்பும். ஆங்கிலத்தில் பெயர் எதுவாயினும் தொடர் மாறுவதில்லை. தமிழிலோ இரண்டாம் வேற்றுமை வந்தால் கண்ணன் கண்ணனை ஆவான். மணி மணியை ஆவான். ராஜா ராஜாவை ஆவான். யகரமா வகரமா என்பதை ஈற்றெழுத்தைப் பார்த்தே சொல்லவேண்டும். முத்து என்பவன் முத்தை ஆவானா, முத்துவை ஆவானா என்பதில் இலக்கணமும் வழக்கும் பிணங்கும். ஆயினும் உடம்படுமெய் விதிகளைப் போல நிரலுக்கு எளிதில் அடங்கும் விதிகள் வேறில்லை. கொரிய மொழியிலும் பெயர் மெய்யில் முடிந்தால் ஓர் உருபு, உயிரில் முடிந்தால் வேறோர் உருபு. அங்கே பல விளையாட்டுகளில் இரண்டு உருபையும் சேர்த்தே அச்சிட்டு, ஒன்றை அடைப்புக்குறிக்குள் போட்டுவிடுவர். அழகன்று, ஆனால் எவரும் அதற்காக விளையாட்டை நிறுத்தியதில்லை.

அந்தக் கொரிய மொழியின் வரலாறே நம் வினாவுக்கு விடையை நெருங்கச் செய்கிறது. போக்கிமோனின் அடுத்த வரிசையாகிய தங்கம், வெள்ளி என்பவற்றின் கொரியப் பிரதி 2002 ஏப்ரலில் வந்தது. கொரிய எழுத்தை அசை அசையாகத் திரட்டி எழுதுவதால் வழக்கிலுள்ள வடிவங்கள் ஆயிரக்கணக்கில் ஆகும்; அவர்களுடைய தர எழுத்துத்தொகுதியில் மட்டும் 2,350. நம் 124 எங்கே, 2,350 எங்கே! அதுவும் கேசட்டில் ஏறிற்று. மறுபுறம், நூறு கோடிக்கு மேற்பட்டோர் பேசும் சீனம் இந்த வரிசையில் அதிகாரமாக இடம்பெற்றது 2016இல்தான். முதல் கேசட் வந்து இருபது ஆண்டுக்குப் பின். எழுத்தின் எளிமையும் காரணமன்று, பேசுவோர் தொகையும் காரணமன்று என்பது இவ்விரண்டாலும் தெளிவாகிறது. இத்தாலியம் பேசுவோரைவிடத் தமிழ் பேசுவோர் தொகையால் குறைந்தவரல்லர். இத்தாலியத்துக்கு 1999இலேயே கேசட் கிடைத்தது.

காரணம் வாணிகத்தில் இருக்கிறது. கேசட்டின் சில்லில் உரை தொழிற்சாலையிலேயே நிலையாகப் பதிக்கப்படும். பின்னர் ஒரு புள்ளியையும் மாற்ற இயலாது. மொத்தமாகச் செய்வித்தால்தான் கட்டுபடியாகும். ஆகவே ஒரு மொழிக்குப் பிரதி வேண்டுமாயின், அம்மொழியார் நாட்டில் முறையான விற்பனையாளர் ஒருவர் இருந்து, இத்தனை ஆயிரம் விற்பேன் என்று பணத்தை முன்வைக்கவேண்டும். தமிழர் வாழும் நாடுகளில் அக்காலத்தில் அத்தகைய கணக்கை எவரும் எழுதவில்லை. மலேசியாவில் மலாய் மொழிக்கும் அவ்விளையாட்டில் இடம் கிட்டவில்லை. இங்கே கடைக்கு வந்தவை பிற நாட்டாருக்காகச் செய்தவையே. ஒரு கேசட்டில் நூறு விளையாட்டு என்று விளம்பரம் செய்த உரிமம் பெறாப் பிரதிகளும் அவற்றோடு கலந்து வந்தன. அவற்றை வாங்கியோர் தொகை விற்பனையாளர் எவர் ஏட்டிலும் ஏறாது. வாங்குவோர் இருந்தும் இல்லாதவராகக் கணக்கிடப்பட்டோம்.

பிரதி வராத இடத்தில் வாசகரே பிரதி செய்துகொண்டதும் உண்டு. ‘மதர் 3’ என்னும் விளையாட்டு 2006இல் ஜப்பானில் கேம் பாய் அட்வான்ஸ் பொறிக்கு வந்தது; ஆங்கிலத்தில் வரவேயில்லை. கிளைடு மாண்டலின் என்னும் தொழில்முறை மொழிபெயர்ப்பாளர் தலைமையில் ஆர்வலர்கள் கூடி, ஊதியமின்றி உழைத்து, 2008 அக்டோபரில் ஆங்கில உரையை வெளியிட்டனர். ஏடு பெயர்த்தெழுதியோரின் வழியில் வந்தவர்களாக இவர்களை நான் எண்ணுகிறேன். உரிமைச் சட்டம் இதனை எவ்வாறு கருதும் என்பது வேறு பேச்சு.

பிரதி நீக்கங்களும் உண்டு என்பதைப் போகிற போக்கில் குறிக்கலாம். போக்கிமோனில் நாணயம் போட்டுச் சூதாடும் பொறிகள் நிறைந்த மண்டபம் ஒன்று இருந்தது. சிறுவர்க்குச் சூது ஆகாது என்ற விதிகள் இறுகியபின் கொரியப் பிரதியிலும் ஐரோப்பியப் பிரதியிலும் அப்பொறிகள் செயலிழந்தன அல்லது நீங்கின. பள்ளிப் பதிப்புகளில் சில பாடல்கள் காணாமற்போவதை அறிந்த நமக்கு இதில் வியப்பில்லை.

நின்டெண்டோ 2011இல் வெளியிட்ட 3டிஎஸ் பொறியில் நாட்டுப் பூட்டு வந்தது. ஜப்பானியக் கேசட்டை அமெரிக்கப் பொறி ஏற்காது. கோலாலம்பூர்க் கடைகளில் கிடைத்ததை வாங்கி ஆடிய சிறுவர்க்கு அது பேரிழப்பு. 2017இல் சுவிட்ச் பொறியில் பூட்டு மீண்டும் நீங்கிற்று.

கேசட்டில் புகாத தமிழ் வேறொரு கைப்பொறியில் இம்மண்ணிலிருந்தே புகுந்தது. மலேசியரான முத்து நெடுமாறன் 1980களின் நடுவிலேயே கணிப்பொறியில் தமிழ் எழுத முரசு மென்பொருளை உருவாக்கத் தொடங்கியவர். 2005 பொங்கலையொட்டி அவருடைய ‘செல்லினம்’ சிங்கப்பூரில் வெளியீடு கண்டது; கைப்பேசியில் தமிழில் செய்தி எழுதி அனுப்ப வழி பிறந்தது. அக்காலக் கைப்பேசித் திரை பலவும் கேம் பாயின் திரையைவிட அதிகம் பெரியனவல்ல. 2013இல் ஆப்பிள் கைப்பேசியிலேயே தமிழ் விசைமுகம் இடம்பெற்றது. வேறுபாடு எங்கே? கேசட்டின் சில்லு தொழிற்சாலையில் அடைபட்டது. கைப்பேசியோ வெளியார் எழுதிய நிரலை ஏற்றுக்கொண்டது. விற்பனைக் கணக்குக்காகக் காத்திராமல் ஒருவர் தாமே செய்து உள்ளே வைக்க இடமிருந்தது.

செமினி நண்பரின் மகன் இப்பொழுது முப்பதைத் தாண்டியவர். ஜப்பானியக் கேசட்டை எவ்வாறு ஆடினீர் என்று கேட்டேன். “எழுத்து ஒன்றும் தெரியாது சார். போர்ப் பட்டியில் முதலில் இருக்கும் சொல்லுக்கு நான்கு எழுத்து, அதில் முதல் இரண்டும் ஒன்று போலவே இருக்கும். அது சண்டை. மூன்றெழுத்துச் சொல் தப்பி ஓடுவது,” என்றார். ‘ததாகாவு’ என்றால் போரிடு. ‘நிகேரு’ என்றால் ஓடு. அவர் சொன்னது முற்றும் சரி. பெயர் எழுதும் பக்கத்தில் தம் பெயருக்கு எழுத்துத் தேடிக் களைத்து, ஆயத்தமாக இருந்த பெயர்களுள் முதலாவதைத் தேர்ந்தாராம். அது ‘கிரீன்’ என்ற பெயர் என்பது பல ஆண்டுகள் கழித்துத்தான் அவருக்குத் தெரிந்ததாம்.

அந்தப் பெயர் இன்னும் இருக்கிறதா என்று பார்க்கக் கேசட்டைச் செருகினோம். ஆடியவற்றைச் சேமித்து வைக்கும் நாணய வடிவ மின்கலம் தீர்ந்துபோயிருந்தது. ஜப்பானிய உரை ஓர் எழுத்தும் கெடாமல் ஓடிற்று. அவர் ஆடியது எதுவும் இல்லை. பெயர் என்ன என்று பொறி மறுபடியும் கேட்டது.